சுய சான்று வீட்டு அனுமதி: கையெழுத்துக்கு முன் பார்க்க வேண்டியவை

2,500 சதுர அடிக்கு மேற்படாத மனை, 3,500 சதுர அடிக்குள் கட்டடம், தரைத்தளம் அல்லது தரையும் முதல் மாடியும். இந்த வரம்புக்குள் வரும் வீட்டுக்கு, விண்ணப்பிப்பவரே தரும் உறுதிமொழியை நம்பி ஆன்லைனில் உடனே அனுமதி தருவதுதான் தமிழக அரசு 2024 ஜூலையில் தொடங்கிய சுய சான்று முறை. மனையைப் பார்க்க முன்கூட்டி யாரும் வரமாட்டார்கள். புரோக்கர் இதைப் பெருமையாகச் சொல்வார். சொன்ன விவரம் தப்பென்றால் அனுமதி ரத்தாகும், மாட்டுவது கையெழுத்துப் போட்ட நீங்கள் என்பதைச் சொல்லமாட்டார்.

முதலில் அளவு. ஒரு கிரவுண்டு (2,400) தாராளமாக உள்ளே வரும். ஐந்தே முக்கால் சென்ட்டோ 2,504 சதுர அடியைத் தாண்டிவிடும். நாலு அடிதானே என்று விண்ணப்பத்தில் குறைத்துப் போடாதீர்கள், பத்திரமே காட்டிக்கொடுக்கும். தளத்துக்கு 1,800 வீதம் இரண்டு தளம் போட்டால் 3,600, அதுவும் போச்சு. மொட்டை மாடியில் "சும்மா ஒரு ரூம்" கட்டினால் அது இரண்டாவது மாடி.

அதிகம் பேர் சிக்குவது மனையில்தான். "பஞ்சாயத்து அப்ரூவல்" என்று தலைவர் முத்திரை குத்திக் கொடுத்த லேஅவுட் தாள் செல்லாது. டிடிசிபி (நகர் ஊரமைப்பு இயக்ககம்) அல்லது சிஎம்டிஏ (சென்னைப் பெருநகர் வளர்ச்சிக் குழுமம்) ஒப்புதல் எண் வேண்டும், இல்லையேல் வரன்முறை உத்தரவு, அதாவது ஒப்புதலில்லாத மனையைப் பிறகு முறைப்படுத்திய உத்தரவு. 2017 வரன்முறைத் திட்டம் 20.10.2016 வரை பதிவான மனைகளுக்கானது. விற்பவர் "வரன்முறை பண்ணிக்கலாம் சார்" என்றால் பத்திரத் தேதியைப் பாருங்கள்.

பட்டா இன்னும் அப்பா பெயரிலா, கூட்டுப் பட்டாவா? பெயர் மாற்றம், உட்பிரிவு முடித்துவிட்டு வாருங்கள். பத்திரத்தில் 2,400, பட்டாவில் 2,310 என்றிருந்தால் சர்வேயரை வைத்து அளந்து, குறைந்த அளவுக்கே பிளான் போடுவது பாதுகாப்பு.

விண்ணப்பத்தில் உங்கள் மொபைல் எண்ணே இருக்கட்டும். இன்ஜினியர் எண்ணைக் கொடுத்தால் ஓடிபியும் அவருக்கு, பிளானில் செய்த திருத்தமும் அவருக்கு மட்டுமே தெரியும். பக்கத்தில் விடவேண்டிய இடத்தைப் பிளானில் காட்டிவிட்டு, மேஸ்திரி மதில் வரை சுவர் எழுப்பினாலும் பதில் சொல்ல வேண்டியவர் நீங்கள்தான்.

கடைசி அலைச்சல் மின் இணைப்பில். இந்த முறையில் கட்டிய வீட்டுக்கு நிறைவுச் சான்று (பிளான்படி கட்டி முடித்ததாகத் தரும் சான்று) தேவையில்லை. இருந்தும் கவுன்ட்டரில் கேட்பார்கள், கேட்டுக்கொண்டே இருப்பார்கள். 2019 கட்டட விதிகளில் நிறைவுச் சான்று பற்றிய 20-வது விதியையும் அனுமதி உத்தரவையும் அச்செடுத்துப் போங்கள். அப்போதும் முடியாது என்றால், மறுப்பை எழுத்தில் கேளுங்கள்.