முன்பின் தெரியாதவரிடம் கொட்டினால் மனசு ஏன் லேசாகிறது?

வீட்டில் வாயே திறக்காதவர், பயணத்தில் பக்கத்தில் உட்கார்ந்த யாரோ ஒருவரிடம் மேலதிகாரி படுத்தும் பாட்டை ஒன்றுவிடாமல் சொல்லித் தீர்ப்பார். நெருங்கியவர்களிடம் மறைப்பதைக்கூட மனிதர்கள் அந்நியரிடம் சொல்லிவிடுவதை ஜெர்மன் சமூகவியலாளர் கியோர்க் சிம்மல் 1908-லேயே எழுதியிருக்கிறார். அந்நியருக்கு நம் ஆட்களைத் தெரியாது. இறங்கிப் போனால் அதோடு சரி.

ஆனால் சொன்னதும் பாரம் குறைவது எப்படி? அடைபட்ட கோபம் நீராவிபோல வெளியேறிவிடுகிறது என்றுதான் பலரும் நம்புகிறோம். அமெரிக்க உளவியலாளர் பிராட் புஷ்மன் 2002-ல் வெளியிட்ட ஆய்வு இதற்கு நேர்மாறாகச் சொல்கிறது. கோபமூட்டப்பட்ட மாணவர்களில் சிலர், கோபப்படுத்தியவரை நினைத்துக்கொண்டே குத்துப்பையைக் குத்தினார்கள். கோபம் ஏறியதுதான் மிச்சம். இரண்டு நிமிடம் சும்மா உட்கார்ந்திருந்தவர்கள் அவர்களைவிடத் தணிந்திருந்தார்கள்.

ஆக, கோபத்தைக் குத்தியோ கத்தியோ தீர்ப்பதில் பலனில்லை. பலன் சொல்லில் இருக்கிறது. அமெரிக்க உளவியலாளர் மேத்யூ லீபர்மன் குழுவினர் 2007-ல் வெளியிட்ட மூளை ஸ்கேன் ஆய்வில், படத்திலுள்ள முகத்தின் உணர்ச்சிக்குப் பெயர் சொன்னபோது பயம், ஆபத்து போன்றவற்றுக்குச் சட்டென்று துடிக்கும் மூளைப்பகுதியான அமிக்டலாவின் பரபரப்பு குறைந்தது. முன்மூளையின் வலப்பக்கத்தில் ஒரு பகுதி கூடுதலாக வேலை செய்தது. 'ஒரே எரிச்சல்' என்று தொடங்கியவர் 'எல்லார் முன்னாலும் அவமானப்படுத்திவிட்டார்' என்று வந்து சேர்வது சின்ன விஷயமில்லை. அந்நியருக்கு முன்கதை தெரியாததால் யார், எப்போது, எதற்கு என்று முதலிலிருந்து சொல்ல வேண்டியிருக்கிறது. அப்போதுதான் குழம்பிக் கிடந்தது நமக்கே வரிசைப்படுகிறது.

கேட்பவருக்கும் இதில் பாதி வேலை உண்டு. உளவியலாளர் ஜேனட் பவேலாஸ் குழுவினர் 2000-ல் வெளியிட்ட ஆய்வில், கதை கேட்பவர்களிடம் ரகசியமாக வேறொரு வேலை கொடுத்தார்கள்: குறிப்பிட்ட ஓர் எழுத்தில் தொடங்கும் சொற்களை எண்ண வேண்டும். கேட்பவரின் முகத்தில் பதற்றமோ வியப்போ வரவில்லை. சொன்னவர்கள் தடுமாறினார்கள், முக்கியமான கட்டத்திலேயே கதை சொதப்பியது.

எல்லாக் கேட்பும் ஒன்றல்ல என்கிறார் பெல்ஜிய உளவியலாளர் பெர்னார் ரிமே. "அடப்பாவி, அப்படியா செய்தான்!" என்று கூடவே கொதிப்பவரால் அப்போதைக்கு ஆறுதல் கிடைக்கும், ஆனால் நினைக்கும்போதெல்லாம் எரிச்சல் அதே சூட்டோடு திரும்பும். "அவர் ஏன் அப்படிச் செய்திருப்பார்?" என்ற கேள்விதான் நடந்ததை வேறு கோணத்தில் பார்க்க வைக்கிறது. அதையும் எடுத்த எடுப்பில் கேட்டால் எதிராளிக்கு வக்காலத்து வாங்குவதுபோல ஆகிவிடும். முதலில் முழுதாகச் சொல்லி முடிக்க விடவேண்டும்.