கிரஷர் தூசி: எது தரையில் விழும், எது நெஞ்சில் இறங்கும்

திருமயம் பக்கம் குவாரிச் சாலையில் டிப்பர் போனதும் எழும் வெள்ளைப் புழுதிக்கு எல்லோரும் மூக்கைப் பொத்துகிறோம். அதில் கண்ணில் படும் துகள் பெரும்பாலும் நுரையீரல் வரை போவதில்லை. 100 மைக்ரான் (ஒரு மைக்ரான் என்பது மில்லிமீட்டரில் ஆயிரத்தில் ஒரு பங்கு) கல்துகள், காற்று அசையாத இடத்தில், 2 மீட்டர் உயரத்திலிருந்து நாலு வினாடிக்குள் தரை சேர்ந்துவிடும். 10 மைக்ரானுக்கு நாலு நிமிடம். 2 மைக்ரான் என்றால் ஒன்றரை மணி நேரம் ஆகும். காற்றுப்பைகள் வரை இறங்குவது 4 மைக்ரானுக்குக் கீழ்ப்பட்ட இந்த ரகம்தான். லாரி போய், புழுதி அடங்கி, நாம் கையை எடுத்த பிறகும் அது மிதந்துகொண்டிருக்கும்.

கிரானைட் வகைக் கல்லில் ஐந்தில் ஒரு பங்குக்குக் குறையாமல் குவார்ட்ஸ் இருக்கும். அது சிலிக்கா. உள்ளே வரும் துகளை விழுங்கி அழிக்க வேண்டிய வெள்ளணு இதை விழுங்கும். செரிக்க முடியாமல் தானே சாகும். துகள் வெளியே வரும், அடுத்த அணு விழுங்கும். ஒவ்வொரு சுற்றிலும் அழற்சி. அந்த இடம் தழும்பாகி இறுகும். இதுதான் சிலிக்கோசிஸ். அப்போதே உடைத்த கல்லின் தூசி, நாள்பட்ட தூசியைவிடக் கொடியது.

கல்லை ஜல்லியாக்கும் கிரஷரில் தூசி கிளம்புவது மூன்று இடங்களில்: கல்லை நசுக்கும் தாடையான ஜாவின் வாய், சல்லடை, பெல்ட்டிலிருந்து ஜல்லி விழும் முனை. விழும் கல் காற்றையும் சேர்த்து இழுத்துக்கொண்டு போவதால், உயரம் கூடக் கூடத் தூசியும் கூடும். தண்ணீர் தெளித்தால் போதும் என்பது பாதி உண்மை. பெரிய துளி வரும்போது அதன் முன்னால் காற்று விலகும். நுண்துகள் அந்தக் காற்றோடு நழுவிவிடும். பனிபோல் நுண்ணிய துளி வேண்டும். அதற்கான நாசில், நம் ஊர் உப்புத் தண்ணீரில் வடிகட்டி இல்லாவிட்டால் சீக்கிரமே அடைத்துக்கொள்ளும். தண்ணீர் அதிகமானாலோ எம்-சாண்ட் (கல்லை அரைத்த மணல்) சல்லடைக் கண்ணில் அப்பிக்கொள்ளும். உடனே ஆள் போய்க் குழாயை மூடிவிடுவார். பல இடங்களில் தெளிப்பான் இருந்தும் தூசி பறப்பது இதனால்தான்.

முகத்தில் கட்டும் துண்டால் பயனில்லை. அதன் இழை இடைவெளி இத்துகளைப்போலப் பல மடங்கு. என்95 முகக்கவசம் பிடிக்கும், ஆனால் தாடி இருந்தால் ஓரத்தில் காற்று புகும். குவாரிக்குப் பக்கத்து ஊர்களில் வளவையும் திண்ணையையும் விளக்குமாறால் பெருக்குவது படிந்ததை மறுபடி கிளப்பும் வேலை; ஈரத்துணியால் துடைக்க வேண்டும்.

சிலிக்கோசிஸ் வந்தவருக்குக் காசநோயும் எளிதில் வரும். எக்ஸ்ரேயில் இரண்டுமே பெரும்பாலும் நுரையீரலின் மேல்பகுதியில் நிழலாகத் தெரிவதால் ஒன்றை மற்றதாக நினைத்துவிட வாய்ப்புண்டு. இருமலோடு போகிறவர், கிரஷரில் எத்தனை வருடம், எந்த இடத்தில் நின்றார் என்பதை டாக்டரிடம் சொல்லிவிட்டு, சளிப் பரிசோதனையும் கேட்டு எடுத்துக்கொள்ள வேண்டும்.