வெள்ளைப் பந்து ஏன் சொன்னபடி கேட்பதில்லை: 1926–27 ஸ்னூக்கர் பருவத்தின் இயற்பியல்

வெள்ளைப் பந்தைக் கோலால் அடித்து, மற்றப் பந்துகளை மேசையின் பைகளில் வீழ்த்தும் ஆட்டம் ஸ்னூக்கர். ஜபல்பூரில் 1875-இல் பிறந்து, 1882-இல் உதகமண்டலம் கிளப்பில் விதிகள் எழுதப்பெற்ற அதற்கு, தொழில்முறைச் சாம்பியன் பட்டம் 1926–27 பருவத்தில்தான் கிடைத்தது. அப்போதும் அது, தனக்கு மூத்த மேசைப் பந்தாட்டமான பில்லியர்ட்ஸின் வாலாகவே இருந்தது: லண்டன் தர்ஸ்டன் அரங்கில் மெல்போர்ன் இன்மனும் டாம் நியூமனும் மோதிய முதல் போட்டியில், பில்லியர்ட்ஸ் அமர்வு முடிந்த பிறகே ஸ்னூக்கர் ஆடப்பட்டது. 1927 மே மாதம் பர்மிங்காமில் நடந்த இறுதிப் போட்டியில் டாம் டென்னிஸை 20–11 என வென்ற ஜோ டேவிஸுக்குக் கிடைத்த தொகை 6 பவுண்டு 10 ஷில்லிங். அந்தச் சாம்பியன் போட்டியின் மிகப் பெரிய பிரேக், அதாவது தவறாமல் தொடர்ந்து பந்துகளை வீழ்த்தி ஒரே முறையில் சேர்த்த புள்ளிகள், ஆல்பர்ட் கோப் எடுத்த 60. அதற்காக அவருக்குச் சான்றிதழே வழங்கினார்கள். ஒரே பிரேக்கில் நூறைத் தாண்டுவது இன்று வழக்கமாகிவிட்ட நிலையில், 60 எப்படிச் சாதனையாயிற்று என்ற கேள்விக்கு விடையின் ஒரு பாதி மேசையிலேயே இருக்கிறது.

கியூ கோலால் நடுவில் அடிக்கப்பட்ட வெள்ளைப் பந்து உடனே உருள்வதில்லை, முதலில் வழுக்குகிறது. துணியின் உராய்வு பந்தின் அடிப்பகுதியைப் பின்னோக்கி இழுத்துச் சிறிது சிறிதாகச் சுழற்றுவதால், அது முழுமையாக உருளத் தொடங்கும்போது தொடக்க வேகத்தில் 5/7 பங்கே எஞ்சுகிறது. உருண்டு வரும் வெள்ளைப் பந்து சம எடையுள்ள இன்னொரு பந்தை நேராக மோதினால், நகரும் வேகம் ஏறத்தாழ முழுவதும் மற்றதற்குப் போய்விடும்; சுழற்சி மட்டும் வெள்ளைப் பந்திடம் தங்கும். அந்தச் சுழற்சியைத் துணி பற்றிக்கொள்வதால், கணம் நின்ற பந்து மோதலுக்கு முந்தைய வேகத்தில் 2/7 பங்குடன் மீண்டும் முன்னேறும். மையத்துக்குக் கீழே அடித்து எதிர்ச்சுழற்சி கொடுத்திருந்தால் அதே விசை பந்தைப் பின்னால் இழுத்துவரும். ஆனால் இலக்கை அடையும் முன்பே துணி அந்த எதிர்ச்சுழற்சியைத் தின்னத் தொடங்கிவிடுவதால், தொலைவு கூடக்கூடப் பின்வாங்கும் ஆற்றல் குறையும்.

அக்காலத்தில் மேசையை மூடியது மென்மயிர் அடர்ந்த தடித்த கம்பளித் துணி. அதில் பந்து விரைவில் களைப்பதால், அதே இடத்துக்குச் செல்ல இன்றைய மெல்லிய துணியில் தேவைப்படுவதைவிடப் பலமாக அடிக்க வேண்டியிருந்தது. பலம் கூடினால் கோல் நேர்கோட்டிலிருந்து விலகும் வாய்ப்பும் கூடும். அந்த மயிர், ஆட்டம் தொடங்கும் முனையிலிருந்து கறுப்புப் பந்து இருக்கும் முனையை நோக்கிப் படிந்திருக்கும். ஆகவே மேசையின் குறுக்கே மெதுவாக உருளும் பந்து, யாரும் தொடாமலேயே கறுப்புப் பந்தின் பக்கமாக விலகும்.

இருந்தாலும் எல்லாப் பழியையும் துணியின்மேல் போடுவது நியாயமன்று. இன்றைய வேகமான துணி வருவதற்கு முன்பே, 1935 சாம்பியன் போட்டியில் டேவிஸ் 110 எடுத்தார். 1955-இல் ஒரு பிரேக்கின் வழக்கமான உச்சமான 147 புள்ளிகளையும் எட்டினார். சுழற்சியை ஆள்வதில் பில்லியர்ட்ஸ்காரர்கள் ஏற்கெனவே கைதேர்ந்தவர்கள்தாம். ஆனால் 22 பந்துகள் நிறைந்த மேசையில், அடுத்த அடிக்கும் அதற்கடுத்த அடிக்கும் வெள்ளைப் பந்து எங்கே நிற்க வேண்டும் என்று திட்டமிடும் கலை அவர்களிடையே இன்னும் வளரவில்லை. அதை வளர்த்தவர்களில் முதன்மையானவர் டேவிஸ் என்பதே என் கருத்து.

அந்தத் திட்டமிடலின் பயனைக் கணக்கிட்டே பார்க்கலாம். பந்தின் விட்டம் 5.25 சென்டிமீட்டர். இரு பந்துகளின் மையங்களுக்கிடையே உள்ள தொலைவை விட்டத்தால் வகுத்து, அதிலிருந்து 1 கழித்தால், குறியில் ஏற்படும் சிறு பிழை நேர் அடியில் எத்தனை மடங்காகும் என்பது தெரிந்துவிடும். வெள்ளைப் பந்து 105 சென்டிமீட்டர் தொலைவில் நின்றால் 1 டிகிரிப் பிழை ஏறத்தாழ 19 டிகிரியாகப் பெருகி, பந்து பையை விட்டு வெகுதூரம் விலகிவிடும். அதே வெள்ளைப் பந்து சுமார் 26 சென்டிமீட்டர் அருகில் நின்றால் பிழை 4 டிகிரியோடு நின்றுவிடும். பை பக்கத்திலேயே இருந்தால் பந்து பெரும்பாலும் உள்ளே விழுந்தும்விடும்.