ரூபாய்க்கு எத்தனை பைசா?

சம்பளம் 18,000 ரூபாய், வீட்டு வாடகை 6,500. சம்பளத்தில் எத்தனை சதவீதம் வாடகைக்குப் போகிறது? போனில் கால்குலேட்டரைத் திறந்த பிறகும், எதை எதால் வகுப்பது என்று பலர் தயங்கி நிற்கிறார்கள். கேள்வியைக் கொஞ்சம் மாற்றிப் போடலாம்: கைக்கு வந்த ஒவ்வொரு ரூபாயிலும் வாடகைக்கு எத்தனை பைசா போனது? இரண்டும் ஒரே கேள்விதான். ரூபாய்க்கு நூறு பைசா, சதவீதம் என்பதும் நூற்றுக்கு இத்தனை.

இந்த வசதி நமக்கு 1957 ஏப்ரல் 1 அன்றுதான் கிடைத்தது. அதுவரை ரூபாய்க்கு 16 அணா. ரூபாயில் ஓரணா செலவு என்றால் 6.25 சதவீதம். இதை மனக்கணக்காகப் போடுவது லேசில்லை. நயா பைசா வந்ததும் பைசாவும் சதவீதமும் ஒன்றாகிவிட்டன. மத்திய பட்ஜெட்டில் ஆண்டுதோறும் 'ரூபாய் எங்கே போகிறது' என்று ஒரு வட்டப்படம் போடுவார்கள். 2025-26க்கான படத்தில் வட்டிக்கு 20 பைசா. அதாவது நூற்றுக்கு 20.

சரி, வாடகைக்கு வருவோம். 18,000-ல் பத்தில் ஒரு பங்கு 1,800. அதுதான் 10 சதவீதம். 6,500-க்குள் 1,800 மூன்று முறை போகும்: 5,400. ஆக 30 சதவீதம் வந்துவிட்டது, மீதி 1,100. ஒரு சதவீதம் 180 ரூபாய். அது 1,100-க்குள் ஆறு முறை போகும்: 1,080. மிச்சம் வெறும் 20 ரூபாய். ஆக 36 சதவீதத்துக்குக் கொஞ்சம் மேல். கால்குலேட்டரில் செலவைச் சம்பளத்தால் வகுத்து நூறால் பெருக்கினால் 36.1 என்று வரும்.

பெரும்பாலோர் சறுக்குவது இதற்கு அப்புறம்தான். வாடகை போகக் கையில் 11,500. அதில் மளிகை, காய்கறி, பாலுக்கு 4,600 ஆகிறது. 'இருந்ததில் 40 சதவீதம் போச்சு' என்று சொன்னால் அதுவும் சரியே. ஆனால் 36-ஐயும் 40-ஐயும் கூட்டி, சம்பளத்தில் 76 சதவீதம் காலி என்று நினைத்தால் கணக்கு உதைக்கும். அப்படியானால் மீதி 4,320 ரூபாய்தான் இருக்கவேண்டும். பர்ஸிலோ 6,900 இருக்கிறது! அந்த 40 சதவீதம் 11,500-ல் பிறந்தது, 36 சதவீதம் 18,000-ல் பிறந்தது. அடிப்படைத் தொகை வேறுவேறானால் சதவீதங்களை அப்படியே கூட்ட முடியாது. முதலில் ரூபாயைக் கூட்ட வேண்டும்: 6,500-ம் 4,600-ம் 11,100. அதை 18,000-ஆல் வகுத்தால் 61.7 சதவீதம். எந்தச் சதவீதத்தைக் கேட்டாலும் 'எதில்?' என்று ஒரு வார்த்தை கேட்டுவிடுவது நல்லது.

தொகை காட்டாத ஒன்றைப் பங்கு காட்டிக் கொடுக்கும். 1857-ல் எர்ன்ஸ்ட் எங்கல் என்ற ஜெர்மன் புள்ளியியலாளர், பெல்ஜியத் தொழிலாளர் குடும்பங்களின் வரவுசெலவை ஆராய்ந்தார். குடும்பம் எவ்வளவு ஏழையோ, வருமானத்தில் அவ்வளவு பெரிய பங்கு சாப்பாட்டுக்கே போய்விடுவதைக் கண்டார். நம் நாட்டுக் கிராமங்களில் 1999-2000-ல் வீட்டுச் செலவில் 59 சதவீதம் உணவுக்குப் போனது. 2022-23 கணக்கெடுப்பில் அது 46 சதவீதம். இத்தனைக்கும் அரிசி, பருப்பு, எண்ணெய் எதுவும் இடையில் விலை குறையவில்லை. சாப்பாட்டுக்குக் கொடுக்கும் ரூபாய் கூடியது. ஆனால் ஒவ்வொரு ரூபாயிலும் 13 பைசா பஸ்ஸுக்கு, மருந்துக்கு, போனுக்கு என்று வேறு பக்கம் திரும்பியிருக்கிறது.