நாடகம், தொடர், திரைப்படம்: ஒரே கையெழுத்தில் போய்விடும் உரிமைகள்

எழுத்தாளர்களின் ஒப்பந்தங்களைப் படித்துத் திருத்தித் தருவது என் வழக்கறிஞர் தொழிலின் பெரும்பகுதி. என்னிடம் வருகிறவர்களில் பலர் சபா நாடகத்தில் தொடங்கி, சின்னத்திரைத் தொடருக்கு வசனம் எழுதி, பிறகு திரைக்கதைக்கு வந்தவர்கள். தமிழில் இது பழகிய பாதைதான்; கே. பாலசந்தரும் விசுவும் கிரேசி மோகனும் மேடையிலிருந்தே திரைக்கு வந்தார்கள். ஆனால் மேடையில் யாருக்கும் எழுதிக் கொடுக்காமல் தம்மிடமே இருந்த உரிமை, திரைப்பட ஒப்பந்தத்தின் ஒரே வாக்கியத்தில் மொத்தமாகக் கைமாறுவதைப் பலர் கவனிப்பதில்லை.

நாடகக் குழுக்களில் பெரும்பாலும் காகிதமே கிடையாது. காட்சிக்கு இவ்வளவு என்று பேசி, திரை விழுந்ததும் கவரில் கொடுத்துவிடுவார்கள். பார்ப்பதற்கு ஒழுங்கற்றதாகத் தோன்றும் இந்தப் பழக்கம் உண்மையில் எழுத்தாளருக்கே சாதகமானது. 1957ஆம் ஆண்டின் பதிப்புரிமைச் சட்டம், 19ஆம் பிரிவுப்படி, எழுத்தும் கையெழுத்தும் இல்லாத உரிமை மாற்றம் செல்லாது. எனவே ஆசிரியர் குழுவின் சம்பளக்காரராக இல்லாதவரை, அந்த நாடகத்தை எத்தனை ஆண்டுகள் நடித்தாலும் குழுவுக்கு உரிமை போய்விடாது.

திரைப்பட ஒப்பந்தத்தில் வழக்கமாக வரும் வாசகம் வேறு: "கதை, திரைக்கதை, வசனம் ஆகியவற்றின் அனைத்து உரிமைகளையும், உலகம் முழுவதற்கும், நிரந்தரமாக, இப்போதுள்ள மற்றும் இனி வரக்கூடிய எல்லா ஊடகங்களுக்கும்..." ரீமேக், டப்பிங், தொடர் வடிவம், மேடை எல்லாம் இதற்குள் அடங்கிவிடும். தம் சொந்த நாடகத்தை மறுபடி மேடையேற்றத் தயாரிப்பாளரிடம் தடையில்லாச் சான்று கேட்டு நிற்க வேண்டிய நிலை இப்படித்தான் வருகிறது. 'மேடை உரிமை ஆசிரியரிடமே இருக்கும்' என்று ஒரு வரி சேர்க்கச் சொன்னால், என் அனுபவத்தில், தயாரிப்பாளர்கள் அதிகம் மறுப்பதில்லை. ரீமேக் உரிமையில்தான் இழுபறி.

ஒப்பந்தம் வாய்மூடி இருந்தால் சட்டம் எழுத்தாளர் பக்கம் பேசுகிறது. காலம் குறிப்பிடாவிட்டால் 5 ஆண்டுகள், எல்லை குறிப்பிடாவிட்டால் இந்தியா மட்டும். பெற்ற உரிமையை ஓராண்டுக்குள் பயன்படுத்தாவிட்டால் அது காலாவதியாகிவிடும், ஒப்பந்தம் வேறுவிதமாகச் சொல்லாதவரை. இந்த ஓராண்டு விதி 19(4) பிரிவில் இருக்கிறது; '19(4) பிரிவு பொருந்தாது' என்ற சிறு வரியை நிறுவனங்கள் விடாமல் சேர்ப்பது இதனால்தான். அட்வான்ஸோடு அலமாரியில் தூங்கும் திரைக்கதைகளை மீட்க முடியாமல் போவதற்கும் பல சமயம் அந்த வரியே காரணம்.

2012ஆம் ஆண்டுத் திருத்தத்தின்படி, திரையரங்கில் படத்தோடு காட்டுவது நீங்கலாக மற்றப் பயன்பாடுகளுக்கான ராயல்டியில் சமபங்கு பெறும் உரிமையை எழுத்தாளர் விட்டுக்கொடுக்க முடியாது. 'ராயல்டி கோரமாட்டேன்' என்று கையெழுத்திட்டிருந்தாலும் அது செல்லாது. பணம் கைக்கு வருவது தனிப் போராட்டம் என்பதையும் சொல்லியாக வேண்டும்.

கதைத் திருட்டு என்று வருகிறவர்களுக்கு ஆர்.ஜி. ஆனந்த் வழக்கை விளக்குவேன். அவர் 1953இல் எழுதிய இந்தி நாடகத்தைக் கேட்டறிந்த இயக்குநர், அதே மாநில வேற்றுமைக் கருவில் 1956இல் படம் எடுத்தார். வழக்கு உச்ச நீதிமன்றம்வரை போய், 1978இல் ஆனந்துக்கு எதிராக முடிந்தது. கருவுக்குப் பதிப்புரிமை இல்லை, அதைச் சொன்ன விதத்துக்கே உண்டு என்பதே தீர்ப்பின் சாரம்.

ஆகவே கதையின் சுருக்கமான ஒன்லைனை மட்டும் எழுத்தாளர் சங்கத்தில் பதிவு செய்வதால் பெரிய பயனில்லை. காட்சி வரிசையும் முக்கிய வசனங்களும் அடங்கிய பவுண்ட் ஸ்கிரிப்டையே பதிவு செய்ய வேண்டும். அப்பதிவு உரிமையைத் தருவதில்லை என்றாலும், எந்தத் தேதியில் அந்த எழுத்து உங்களிடம் இருந்தது என்பதற்குச் சான்றாகும். கதை சொல்லிவிட்டு வந்த அன்றே, சொன்னதன் சுருக்கத்தைக் கேட்டவருக்கு மின்னஞ்சலில் அனுப்பிவிடுங்கள்.