சின்ன ஸ்பீக்கரில் கேட்ட கார்வைக் குரல்

அமெரிக்கத் தொலைக்காட்சியில் கெல்லாக்ஸ் நிறுவனத்தின் காலை உணவை விளம்பரப்படுத்திய டோனி என்ற கார்ட்டூன் புலிக்கு, ஐம்பது ஆண்டுகளுக்கும் மேலாகக் குரல் கொடுத்தவர் தர்ல் ரேவன்ஸ்கிராஃப்ட். 1914இல் நெப்ராஸ்கா மாநிலத்தின் நார்ஃபோக் நகரில் பிறந்த அவர், ‘மெல்லோமென்’ என்ற நால்வர் குழுவில் கீழ்க்குரல் பாடகராக இருந்து, டிஸ்னி படங்களிலும் பிறருடைய இசைத்தட்டுகளிலும் பின்னணியில் பாடியே பெரும்பாலான ஆண்டுகளைக் கழித்தார். 1954இல் ரோஸ்மேரி க்ளூனி பாடி அமெரிக்க விற்பனைப் பட்டியலில் முதலிடம் பிடித்த ‘திஸ் ஓல் ஹவுஸ்’ பாட்டில் இடையிடையே புகுந்து அடியாழத்துக்கு இறங்கும் ஆண்குரல் அவருடையதுதான். 1966இல், கிறிஸ்துமஸைத் திருடப் பார்க்கும் கிரிஞ்ச் என்ற கற்பனைப் பாத்திரத்தின் கதை தொலைக்காட்சிக்கு வந்தபோது அதில் அவர் பாடிய பாட்டு ஊரெங்கும் பரவியது. ஆனால் அவர் பெயர் எழுத்தில் காட்டப்படாமல் விடுபட்டதால், கதை சொன்ன போரிஸ் கார்லாஃபே பாடினார் என்று பலர் நம்பிவிட்டார்கள்.

இவ்வளவு தாழ்ந்த குரலை அக்காலத்து மக்கள் பெரும்பாலும் கேட்டது வானொலி, தொலைக்காட்சிப் பெட்டிகளில் இருந்த சின்ன ஸ்பீக்கர்கள் வழியாக. அந்த ஸ்பீக்கர்களால் அக்குரலின் அடித்தளத்தை எழுப்பவே முடியாது என்பதுதான் வேடிக்கை.

குரல்வளையில் உள்ள இரண்டு குரல்நாண்கள், நுரையீரலிலிருந்து வரும் காற்றால் திறந்து திறந்து மூடுகின்றன. நாண் நீளமாகவும் தடிப்பாகவும் தளர்வாகவும் இருந்தால் அதிர்வு மெதுவாகும், சுருதி தாழும். கீழ்க்குரல் பாடகர் ஒருவர் வினாடிக்கு 80 முறை, அதாவது 80 ஹெர்ட்ஸ் அளவில், நாண்களை அதிரவைப்பது இயல்பானது. ஆனால் வெளிவருவது அந்த ஓர் அதிர்வெண் மட்டுமன்று. அதன் மடங்குகளான 160, 240, 320, 400 என மேற்சுரங்களும் வரிசையாகக் கூடவே வருகின்றன. தொண்டையும் வாயும் அவற்றில் சிலவற்றை ஒத்ததிர்வால் வலுவாக்கி, சிலவற்றை அடக்கி, உயிரெழுத்துகளுக்கு வடிவம் தருகின்றன.

ஸ்பீக்கரின் சிக்கல் வேறு. அதிர்வெண் பாதியாகும்போது அதே ஒலியளவைத் தர, காற்றைத் தள்ளி ஒலியெழுப்பும் அதன் கூம்பு நான்கு மடங்கு தூரம் முன்பின் அசைய வேண்டும். உள்ளங்கையளவுக் கூம்புக்கு அது இயலாத காரியம். ஆகவே 80, 160 ஆகியவை ஏறக்குறைய மறைந்துபோய், அவற்றுக்கு மேலுள்ளவையே வீட்டுக் கூடத்துக்குள் வந்து சேர்ந்தன. அப்படியானால் கேட்பவர் காதில் சுருதி 240க்கு ஏறியிருக்க வேண்டும் அல்லவா?

ஏறவில்லை. 240, 320, 400 ஆகிய மூன்றும் சேர்ந்து உண்டாக்கும் அலை, தன் முழு வடிவத்தை வினாடிக்கு 80 முறைதான் திரும்பக் காட்டுகிறது. செவிநரம்பின் துடிப்புகள் அலையின் நேர ஒழுங்கைப் பின்பற்றுவதாலும், மடங்குகளின் இடைவெளியை மூளை ஒரு வரிசையாக அடையாளம் காண்பதாலும், இல்லாத 80ஐயே நாம் சுருதியாக உணர்கிறோம். இந்த இரு வழிகளில் எது எவ்வளவு பங்களிக்கிறது என்ற விவாதம் இன்னும் முடியவில்லை. 1840களில் ஜெர்மானிய இயற்பியலாளர் சீபெக், சைரன்களை வைத்துச் செய்த சோதனைகளில் இதைக் கவனித்தார். காதே உள்ளுக்குள் அந்தத் தாழ்ந்த ஒலியைத் திரித்து உண்டாக்கிக்கொள்கிறது என்று பிற்காலத்தில் வாதிட்டவர்களுக்கு, 1954இல் அமெரிக்க உளவியலாளர் லிக்லைடர் விடை சொன்னார். தாழ்ந்த அதிர்வெண்களை மூடிமறைக்கும் இரைச்சலை அவர் கூடவே ஒலிக்கவிட்டும், அந்தச் சுருதி அழியாமல் கேட்டது. க்ளூனியின் இசைத்தட்டு வெளிவந்ததும் அதே ஆண்டில்தான்.

இருந்தாலும் எல்லாம் மீண்டுவிடுவதில்லை. சுருதி தப்பிப் பிழைத்தாலும், நெஞ்சில் வந்து மோதும் அதிர்வு பிழைப்பதில்லை. அதற்கு 80 ஹெர்ட்ஸ் அலை உண்மையாகவே காற்றில் இருந்தாக வேண்டும். ரேவன்ஸ்கிராஃப்டின் பாட்டைக் கைபேசியில் ஒருமுறையும் பெரிய ஸ்பீக்கரில் ஒருமுறையும் கேட்டால், சுருதி மாறாமல் கனம் மட்டும் கூடுவதைத் தெளிவாக உணரலாம். இன்றைய ஒலிப் பொறியாளர்கள் சிலர் சிறிய கருவிகளுக்காகத் தாழ்ந்த ஒலியை வெட்டிவிட்டு, அதன் மேற்சுரங்களை வேண்டுமென்றே செயற்கையாகச் சேர்க்கிறார்கள்.