பாக் நீரிணை: பெயர் வந்த வழி

‘பாக்கு நீரிணை’ என்று படித்ததும் வெற்றிலைப் பாக்கு நினைவுக்கு வருவது இயல்பு. ஆனால் அந்தப் பாக்குக்கும் இந்தக் கடலுக்கும் தொடர்பு இல்லை. இது ஓர் ஆங்கிலேயரின் குடும்பப் பெயர்.

1717இல் பிறந்த இராபர்ட் பாக், கிழக்கிந்தியக் கம்பெனியில் பாதிரியாராக இருந்தவர். அப்புறம் அந்தப் பணியை விட்டு நிர்வாகத்துக்குள் நுழைந்து, 1763 முதல் 1767 வரை சென்னை ஆளுநராக இருந்தார். அவர் பெயரின் ஆங்கில எழுத்துக்கூட்டலில் ஒரு லகரம் உண்டு, உச்சரிப்பில் இல்லை. ஆகவே ‘பால்க்’ என்று எழுதத் தேவையில்லை. தமிழில் சொற்கள் ‘க்’ என்று முடிவதில்லை என்பதால் கடைசியில் உகரம் ஒட்டி, ‘பாக்கு’ ஆகிவிட்டது. அது தவறில்லை. குழப்பம் வேண்டாம் என்றால் ‘பாக்’ போதும்.

கரையில் வாழ்பவர்களுக்கு ஆளுநர் பெயர் தேவைப்படவே இல்லை. பாம்பன், இராமேசுவரம் பக்கத்தில் தீவுக்கு வடக்கே உள்ளது வடகடல், தெற்கே மன்னார் வளைகுடாப் பக்கம் உள்ளது தென்கடல். அலை அடங்கியிருக்கும் வடகடலைப் பெண்கடல் என்றும், அலை மோதும் தென்கடலை ஆண்கடல் என்றும் சொல்வார்கள். வடகிழக்குப் பருவக்காற்றுக் காலத்தில் பெண்கடலும் கொந்தளிக்கும். வரைபடத்தில் ஏற வேண்டிய பெயர்கள் இவைதான் என்பது என் எண்ணம்.

சரி, நீரிணை என்றால் என்ன? இரு நிலங்களுக்கு நடுவே ஒடுங்கி, இரண்டு பெரிய நீர்ப்பரப்புகளைச் சேர்க்கும் கடல். கோடிக்கரைக்கும் யாழ்ப்பாணத்தின் வடகரைக்கும் இடையே உள்ள வாய்தான் சரியான பொருளில் பாக் நீரிணை. கோடிக்கரையிலிருந்து பருத்தித்துறை சுமார் 65 கி.மீ. அதற்குத் தென்மேற்கே இராமேசுவரம், தலைமன்னார் வரை விரிவது பாக் விரிகுடா. செய்திகளில் கச்சத்தீவைச் சுற்றிய கடல் முழுவதையும் நீரிணை என்றே எழுதிவிடுகிறார்கள். இடம் குறித்துச் சொல்லும்போதாவது இரண்டையும் பிரித்து எழுத வேண்டும். ஆதாம் பாலத்து (இராமர் பாலம்) மணல்திட்டுகளும் ஆழமின்மையும் பெரிய கப்பல்களுக்கு இந்த வழியை அடைத்துவிடுகின்றன. சென்னையிலிருந்து தூத்துக்குடி போகும் கப்பல் இலங்கையைச் சுற்றியே போகிறது.

‘ஜலசந்தி’ வடமொழிச் சொல்: ஜலம் நீர், சந்தி கூடுகை. நீர், இணை சேர்ந்த ‘நீரிணை’க்கும் அதே பொருள்தான். இலங்கைத் தமிழில் இது நன்றாக ஊன்றிவிட்டது. தமிழ்நாட்டு ஏடுகளில் ஜலசந்தி இன்னும் உண்டு. மலாக்கா, ஹார்முஸ், பெரிங் எல்லாவற்றுக்கும் நீரிணை என்றே எழுதலாம்.